நாலு அரிசி கனம்

அடி வாயாடி,

கப்பல் பாய் போல விண்கலத்தை ஓட்ட நாங்கள் மடித்து அனுப்பிய பாய் கிழியாமல் விரிந்துவிட்டது. வெயில் அதைத் தள்ளுவது நாலு அரிசி கனத்துக்குத்தான். "இதுக்கா இத்தனை வருஷம்?" என்று சிரித்தாயே, நிற்காமல் தள்ளியதில் நாற்பதே நாளில் வேகம் மணிக்கு ஐந்நூறு கிலோமீட்டர் கூடியிருக்கிறது. எனக்கு இதில் சந்தேகமே இருந்ததில்லை.

மடிக்கும் அறையில் யாரும் பேசமாட்டோம். மூச்சுப் பட்டாலே அந்த மெல்லிய படலம் நெளியும். யாராவது வாய் திறந்தால் உதட்டில் விரல் வைத்துக் காட்டுவோம். கடைசி மடிப்பு முடிந்து வீடு வந்த அன்று, "அம்மா, இவரைத்தான் கட்டிக்கப் போறேன்" என்று நீ சொன்னபோதும் என் விரல் தானாக எழுந்தது. அதையே பதிலாக எடுத்துக்கொண்டு அவரோடு படியிறங்கிவிட்டாய்.

தினமும் ஒரு வரி அனுப்புகிறேன். படிக்கிறாய், பதில் இல்லை. பரவாயில்லை, நாளைக்கும் வரும்.

விரலை எடுத்துவிட்ட
அம்மா