மூன்றாம் டேங்கின் மூடி

அம்மாவுக்கு,

முழங்கால் எப்படி இருக்கிறது? தைலத்தைத் தேய்க்கிறாயா, இல்லை அலமாரியில் வைத்து அழகு பார்க்கிறாயா? நான் சௌக்கியம். இங்கே கண்ணுக்கெட்டிய தூரம் காய்ந்த புல். நடுவில் எங்கள் பெட்ரோல் கிடங்கு, ஆறு டேங்குகள், ஒரு கேட்.

போன வியாழக்கிழமை வேலிக்கு வெளியே கொஞ்சம் புல் எரிந்தது. பெரிதாக ஒன்றுமில்லை. நான் மூன்றாம் டேங்கின் உச்சியில் மூடியைத் திறந்து, அளவு நாடாவை உள்ளே விட்டுப் பெட்ரோலை அளந்துகொண்டிருந்தேன். கீழிருந்து சூப்பர்வைசர், "அளந்தது போதும், இறங்குய்யா" என்று கத்தினார். பாதிப் படி இறங்கியதும் மூடியை மூடினேனா என்று சந்தேகம் வந்துவிட்டது. திரும்ப ஏறிப் பார்த்தேன். மூடித்தான் இருந்தது. "உனக்கென்ன கிறுக்கா?" என்று அவர் திட்டி முடிப்பதற்குள் தீயை அணைத்துவிட்டார்கள்.

அன்றிலிருந்து ஓரிடத்தில் இருப்புக்கொள்ளவில்லை. அறையைப் பூட்டிவிட்டுக் கிளம்பினால், மூன்று தடவை திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்க்கிறேன். சட்டையில் பெட்ரோல் வாடை இருக்கிறதா என்று மோந்து பார்த்தாலும் தெரிவதில்லை, மூக்கு பழகிவிட்டது.

பக்கத்து வீட்டு டிரைவர் இந்தப் பக்கம் வந்தால், அடுப்பு மூட்டாமல் சாப்பிடுகிற மாதிரி எதையாவது கொடுத்தனுப்பு. இரண்டு பருத்திச் சட்டையும் வேண்டும். நைலான் என்றால் உரசிப் பொறி பறக்கும் என்று கேட்டிலேயே கழற்றச் சொல்வார்கள்.

லாரிகள் வரிசையில் நிற்கின்றன, ஓட வேண்டும். அடுத்த மாதம் லீவில் வருவேன். நீ அடுப்பைப் பற்ற வைக்கும்போது நான் வாசலுக்குப் போய்விட்டால் எதுவும் கேட்காதே. பற்ற வைத்த பிறகு கூப்பிடு, வருகிறேன்.

உன் மூத்தவன்