கடிபட்ட இலை

கொச்சித் தண்ணீரில் சவுக்காரம் நுரைக்கவில்லை என்று நான் அழுதபோது என் கையைப் பிடித்துத் துவைக்கச் சொல்லித்தந்த மரகதத்துக்கு,

அன்றைக்கு இருந்தவர்கள் ஆறு பேர். வெள்ளாவி அடுப்பின் முன்னால் நீ. துவைகல்லில் நான். கூரைக்கு அடியில் காலை நீட்டி வெற்றிலை இடித்துக்கொண்டிருந்த உன் அம்மா. கரிக்கூடையை இறக்கிவிட்டுச் சாயா குடித்துக்கொண்டிருந்த ஹம்சா. சலவைக்குப் போட்ட வேட்டியைக் கேட்டு வந்த வறீத் மாஷ், அக்கரையில் ஒரு கல்லூரியில் கல்லையும் மண்ணையும் பற்றிப் பாடம் நடத்தியவர். அப்புறம் உன் அண்ணன். அடுத்த சலவைத் துறைத் தங்கம் தானும் அங்கே இருந்ததாக இன்றைக்கும் சொல்லித் திரிகிறாள். அவள் இல்லை. அன்று அவள் கலூரில் தங்கச்சி வீட்டில் இருந்தாள். யாரை ஏமாற்றினாலும் என்னை ஏமாற்ற முடியாது.

எமர்ஜென்சி வந்த வருஷத்து ஆடி. விறகெல்லாம் ஊறிப்போய்ப் புகைந்ததே தவிர எரியவில்லை. ஓட்டல் விரிப்புகள் மலை மாதிரிக் கிடந்தன. அதனால்தான் ரயில் எஞ்சினுக்குப் போடும் கரியை ஹம்சாவிடம் வாங்கினோம். அதில் பாதி எரிந்தது, பாதி கல்லாகவே கிடந்தது. உன் அண்ணனுக்கு மூக்குக்கு மேல் கோபம்.

"ஏலே ஹம்சா, இதுக்குப் பேரு கரியா? யாருக்குக் கல்லறை கட்டக் கொண்டாந்தே?"

"அண்ணாச்சி, ஞான் உண்டாக்கியதா? பூமி உண்டாக்கியது. பூமிகிட்ட போய்ச் சண்டை போடுங்க."

உன் அம்மா வெற்றிலையை நிறுத்திவிட்டுச் சொன்னாள்: "போடுவான். திருப்பிப் பேசாதுன்னு தெரிஞ்சா யாருகிட்ட வேணும்னாலும் போடுவான்."

எல்லோரும் சிரித்துவிட்டோம். அந்தச் சிரிப்புக்குத்தான் அவர் ஒரு கட்டியைத் தூக்கித் துவைகல்லில் போட்டார். அது தூளாகவில்லை. மடித்த விரிப்பை உதறினால் இரண்டாக விரியுமே, அப்படி ஏடு ஏடாகப் பிரிந்தது. உள்ளே ஒரு இலை.

பலாவிலிருந்து விழுந்ததென்று நினைத்து நான் தட்டிவிடப் போனேன். அது நகரவில்லை. ஒரு சாண் நீளம், நாக்கு மாதிரி வடிவம், நடுவில் ஒரு நரம்பு, இரண்டு பக்கமும் மீன்வலை பின்னியதுபோல் சின்ன நரம்புகள். கறுப்பு மேல் கறுப்பு, ஆனால் பட்டுக்கரை போலப் பளபளத்தது.

நீ அதைக் கறை என்று நினைத்தாய். மாங்கறை, முந்திரிக்கறை, வாழைக்கறை எல்லாவற்றையும் துரத்திய கை அல்லவா? தேங்காய் நாரில் சவுக்காரம் தொட்டு மெதுவாகத் தேய்த்தாய். கறுப்புத் தண்ணீர் வடிய வடிய, இலை அழியவில்லை. இன்னும் தெளிவாக எழுந்து வந்தது.

"அண்ணி, இது மேல பட்ட கறை இல்ல. உள்ளேயே இருக்கு" என்றாய்.

மாஷ் அப்போதுதான் எட்டிப் பார்த்தார். வெள்ளை வேட்டியோடு அந்த ஈரத்திலேயே உட்கார்ந்துவிட்டார். "தேய்க்கல்லே மரகதம், தேய்க்காதே! இருபத்தஞ்சு கோடி வருஷம் பழசான இலையாணு."

இருபத்தைந்து கோடி. எனக்கு இருபத்தைந்து உருப்படி எண்ணத் தெரியும், இருநூற்றைம்பது உருப்படி எந்த வீட்டுக்கு எது என்று நினைவில் வைக்கத் தெரியும். அந்தக் கோடியை எங்கே வைப்பது?

வடக்கே கோதாவரிக் கரையில் பூமிக்கு அடியில் இப்படித்தான் அடுக்கடுக்காக இருக்கிறது என்றார். ஒரு காடு, அதன் மேல் சேறு, அதன் மேல் மறுபடியும் ஒரு காடு. காடு அமுங்கிக் கரியானது, சேறு இறுகிக் கல்லானது, சேற்றில் விழுந்த இலை அப்படியே நின்றுவிட்டது. நம் ஊரில் எங்கே தோண்டினாலும் சேறும் சிப்பியும்தானே வரும்? பூமிக்கு அப்படி ஒரு வயிறு இருக்குமென்று நான் நினைத்ததே இல்லை.

"அன்னு தெங்கு இல்ல, புல்லு இல்ல, பறவை இல்ல. பூவே இல்ல" என்றார் மாஷ்.

நீ உடனே கேட்டாய்: "பூவில்லாட்டிப் பருத்தி ஏது மாஷே?"

"பருத்தியும் இல்ல."

"அப்ப துணியும் இல்ல."

"துணி உடுக்க மனுஷனே இல்லல்லோ!"

"அப்ப நமக்கு வேலையும் இல்ல. நல்ல காலம்தான் போ" என்றாள் உன் அம்மா.

பின்னே என்னதான் இருந்தது என்று கேட்டாய். சேற்றில் முதலை நீளத்துக்குத் தவளையின் மூத்த வம்சம் கிடந்தது, தும்பி பறந்தது, கரப்பான் இருந்தது என்றார். "கரப்பான் அப்பவேவா? சனியன்!" என்று உன் அம்மா துப்பினாள். ஹம்சா மட்டும் சிரிக்காமல் தன் தலைச் சும்மாட்டைத் தடவிக்கொண்டே இருந்தான். "படச்சோனே, இதையா ஞான் தலையில ஏத்திக்கொண்டு வந்நு?" என்றான். நான் அடுப்பைப் பார்த்தேன். எரிந்துகொண்டிருந்ததும் அந்தக் காடுதானாம். அன்றைக்கு அந்தத் தீயில் அடுத்த கட்டியைப் போட எனக்குக் கை வரவில்லை.

அப்புறம் நீ செய்ததைத்தான் எழுத வந்தேன். கல்லைத் தூக்கி வெளிச்சத்துக்குச் சாய்த்தாய். துணி வாங்கும்போது கிழிசலைப் பார்ப்பாயே, அந்தப் பார்வை. கிழிசல் பழையதா, நம் கையில் வந்தபின் ஆனதா என்று ஓரத்தை வைத்தே சொல்லிவிடுவாய். எத்தனை வீட்டு வாசலில் அந்தக் கண்தான் நம்மைப் பழியிலிருந்து காப்பாற்றியிருக்கிறது!

"மாஷே, இலையோட ஓரத்தில கடி இருக்கு. இங்க மூணு, அந்தப் பக்கம் ரெண்டு."

"ஒடிஞ்சதாயிருக்கும். கல் உடைஞ்சபோது."

"ஒடிஞ்சதுன்னா ஓரம் கூரா இருக்கும். இது தடிச்சு, தழும்பு கட்டியிருக்கு. கடிச்சப்ப இலை மரத்தில உயிரோட இருந்திருக்கு. கடிபட்ட பெறகும் கொஞ்ச நாளு இருந்திருக்கு."

மாஷ் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுப் பார்த்தார். கழற்றித் துடைத்து மறுபடியும் பார்த்தார். கடைசியில் சொன்னார்: "இதைக் கடிச்ச பிராணி ஏதுன்னு ஆருக்கும் தெரியாது. அது போச்சு. அதுக்கு அன்னு விசந்நது மட்டும் இருக்கு."

விசந்நது என்றால் பசித்தது. அந்தப் பசியை முதலில் கண்டவள் நீ.

கல்லைக் கொண்டுபோகவா என்று கேட்டார். நானே கொண்டுவருகிறேன் என்றாய். ஞாயிற்றுக்கிழமை தேவராவில் தன் வீட்டுக்கு வரச் சொன்னார். அலமாரி நிறைய இதுபோல் இருக்கிறது, எல்லாவற்றையும் நீ பார்த்துச் சொல்ல வேண்டும், தன் மனைவி சோறு போடுவாள் என்றார். உனக்கு நாற்பத்திரண்டு வயது. பார்த்துச் சொல்லு என்று அதுவரை யாராவது உன்னிடம் கேட்டதுண்டா?

மூன்று ஞாயிற்றுக்கிழமை கேட்டாய். முதல் வாரம் மழை என்றார் உன் அண்ணன். இரண்டாவது வாரம் வேலை என்றார். மூன்றாவது வாரம் நீ தலை பின்னி, கல்லை என் பழைய சேலைத்துண்டில் சுற்றி, கையில் வைத்துக்கொண்டே கேட்டாய்.

"புருஷன் விட்டுட்டுப் போனவ, கல்லப் பாக்க ஆம்பள வீட்டுக்குப் போறாளாம். ஊரு சிரிக்கும்."

"அண்ணியையும் கூட்டிட்டுப் போறேன் அண்ணே."

"கரி வாங்கினது எரிக்கத்தான்" என்று சொல்லி, துண்டோடு பிடுங்கி அடுப்பில் போட்டார். துண்டு எரிந்தது. கல் எரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து வெடித்தது.

நான் ஈரக் கையோடு நின்றேன். வாயைத் திறக்கவில்லை. இதை நானே எழுதிவைக்கிறேன், வேறு யாரும் சொல்ல வேண்டாம்.

நீ அழவில்லை. அன்றைய விரிப்புகளுக்கு நீலம் போட்டு முடித்தாய். பிறகு என்னிடம் வந்து, "அண்ணி, நீ நல்லாப் பாத்தியா?" என்றாய். பார்த்தேன் என்றேன். "எத்தன கடி?" "அஞ்சு." "மறந்துராத." அவ்வளவுதான். அதற்கப்புறம் வந்த ஒவ்வொரு கூடையிலும் எரியாத கல்லையெல்லாம் உடைத்துப் பார்த்தாய். இலைத்துண்டு கிடைத்தது, தண்டு கிடைத்தது. கடி கிடைக்கவில்லை. மறுவருஷம் மாசியில் மஞ்சள் காமாலை உன்னைக் கொண்டுபோனது.

பதினோரு வருஷமாயிற்று. உன் அம்மாவும் போய்விட்டாள், அதை உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. ரயிலுக்கு டீசல் வந்துவிட்டது. ஹம்சா இப்போது மீன் கூடை சுமக்கிறான். என் பேத்தி கனகா கல்லூரிக்குப் போகிறாள். தமிழை எழுத்துக்கூட்டித்தான் படிப்பாள், மலையாளம் தண்ணீர் பட்ட பாடு. போன தை மாசம் அவளைக் கூட்டிக்கொண்டு படகேறி, பஸ் ஏறி, நான் தேவராவுக்குப் போனேன். உன் அண்ணனிடம் கேட்கவில்லை. சொல்லவும் இல்லை.

மாஷுக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. அலமாரி இருக்கிறது மரகதம். அரியலூர்ப் பக்கம் சுண்ணாம்புக் குழியில் எடுத்த சங்கு, கிடாக்கொம்பு மாதிரிச் சுருண்டு, தூக்க முடியாத கனம். அங்கே முன்பு கடல் இருந்ததாம்! கல்லாய்ப்போன சுறாப் பல் ஒன்று, இன்றைக்கும் விரலை வைத்தால் கீறும். வெட்டிய மரம் ஒன்று, வளையத்தை எண்ணலாம், தட்டினால் கல் சத்தம். ஒவ்வொன்றையும் என் கையில் வைத்தார். சோப்புத் தண்ணீரில் வெந்த என் கைக்குக்கூட அந்தக் குளிர்ச்சி தெரிந்தது. உன் கை அல்லவா அங்கே இருந்திருக்க வேண்டும்? நாக்கிலை மட்டும் பன்னிரண்டு இருந்தன. எல்லாவற்றையும் வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பார்த்தேன். ஒன்றிலும் கடி இல்லை.

"மரகதம் எவிடே?" என்று மாஷ் கேட்டார். சொன்னேன். கல்லைப் பற்றியும் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். பிறகு சொன்னார்: "ஞான் ரெண்டு தவணை வந்நு. மரகதத்துக்கு இதிலொண்ணும் இஷ்டமில்லன்னு சேட்டன் வாசல்ல நின்னே சொல்லித் திருப்பி அனுப்பிட்டார்."

இரண்டு தடவை வந்திருக்கிறார் மரகதம். நாம் பின்பக்கம் துவைத்துக்கொண்டிருந்திருப்போம். நீ அந்த மூன்று ஞாயிறும் காத்திருந்தாய், அவர் பதினோரு வருஷம் உனக்கு இஷ்டமில்லை என்று நம்பிக்கொண்டிருந்தார்.

மாஷ் ஒரு காகிதமும் பென்சிலும் தந்தார். "ஓர்மையுண்டோ?" என்றார். எனக்கா நினைவு இல்லாமல் போகும்? மூன்றாம் வகுப்போடு நின்ற கைதான், ஆனால் இருநூறு வீட்டுத் துணிக்குறியைப் பார்க்காமல் போடும் கை. ஒரு சாண் நீளம், நடு நரம்பு, வலைப்பின்னல், இடப்பக்கம் மூன்று கடி, வலப்பக்கம் நுனியோரம் இரண்டு, தடித்த ஓரம். வரைந்தேன். மாஷ் அதற்குக் கீழே மலையாளத்தில் என்னவோ எழுதினார். கனகா படித்துச் சொன்னாள்: "மரகதம் கண்டது." நம் ஊர்ப் பெயர் மட்டாஞ்சேரியையும் சேர்க்கச் சொன்னேன். சேர்த்தார். படம் இப்போது அந்தப் பன்னிரண்டு இலைகளுக்குப் பக்கத்தில் இருக்கிறது.

அவரிடம் படித்த பிள்ளைகள் அந்தக் கோதாவரிச் சுரங்கங்களில் வேலை பார்க்கிறார்களாம். படத்தை நகலெடுத்து அனுப்பியிருக்கிறார். அத்தனை பெரிய காட்டில் அந்தப் பூச்சி ஒரே ஒரு இலையையா தின்றிருக்கும்? இன்னொன்று கிடைக்கும். கிடைத்த அன்றைக்கு, மழையானாலும் வேலையானாலும், நான் போய்ப் பார்த்து, கடியை எண்ணி, உன்னைப் புதைத்த இடத்துக்கு வந்து சொல்வேன். இது சத்தியம்.

நம் ஆட்கள் சங்கத்து ஆண்டு மலரில் போடத்தான் இதை எழுதித் தரச் சொன்னார்கள். மலர் எல்லா வீட்டுக்கும் வரும், நம் வீட்டுக்கும் வரும். படிக்கட்டும். கல்லைச் சுமந்துவந்த ஹம்சாவிடம் எனக்கு வருத்தமில்லை. மாஷ் மறந்துவிட்டார் என்று இத்தனை வருஷம் அவரைத் திட்டியதற்கு அவரிடமே மன்னிப்புக் கேட்டுவிட்டேன். பொய் சொல்லும் தங்கத்தைக்கூட விட்டுவிடுகிறேன். நாற்பது வருஷம் உன் அண்ணனுக்குச் சோறு போட்டிருக்கிறேன், ஒருநாளும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. நாளைக்கும் சோறு போடுவேன்.

முத்தையாவை மன்னிக்காத
உன் அண்ணி