கம்பு விதைத்த புஞ்சையில் மூக்குத்திப்பூ

சுங்கை சிப்புட் ரப்பர் தோட்டம்,
1926, ஐப்பசி 9

சிரஞ்சீவி பத்துமலைக்கு அப்பன் மாயாண்டி எழுதுவது. மாரியாத்தா புண்ணியத்தில் நானும் உன் தங்கச்சி பாப்பாவும் சுகம், உன் அம்மாவுக்குத்தான் இருமல் நிற்கவில்லை. நீ அங்கே சுகமாகத்தான் இருப்பாய், வேலை செய்தால்தானே உடம்பு நோகும்.

உன் கடிதம் வந்தது. ஆவணியில் உழுதேன், கம்பு விதைத்தேன், முழங்கால் உயரம் நிற்குது, தையில் அம்மாவைக் கூட்டிக்கொண்டு ஊருக்கு வாங்கப்பா என்று எழுதியிருக்கிறாய். எனக்காகச் சின்னையா வாசிக்க வாசிக்க உன் அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அதோடு விட்டாயா? கடைசியில், நம்ம புஞ்சை பூரா இந்தப் பூதான் கிடக்குது, பாப்பாவுக்கு அனுப்புறேன் என்று ஒரு செடியை வேரோடு பிடுங்கி மடித்து வைத்திருக்கிறாய். அடப்பாவி! அது மூக்குத்திப்பூடா. நடுவில் மஞ்சள், சுற்றி வெள்ளை, தண்டெல்லாம் சுணை, நான் சின்ன வயதிலிருந்து பார்த்த சனியன். ஏர் படாத தரிசில்தான் அது அப்படிப் பாய் விரிக்கும். நீ இந்தத் தோட்டத்தில் பிறந்தவன், மாதம் தவறாமல் புல் வெட்டி மண் மொட்டையாகக் கிடப்பதையே பார்த்தவன், உனக்கு எங்கே தெரியும்? பதினெட்டு வருஷமாக இங்கே புல்வெட்டுகிற எனக்குத் தெரியும். கட்டை தட்டிப்போன அந்த வேரே சொல்கிறது, நான் உழ அனுப்பி நீ ஊரில் போய் இறங்கிய நாளிலிருந்து அந்த மண்ணில் கொழு இறங்கவில்லை. கொஞ்சம் பொறுத்து எழுதலாம்லா அண்ணே என்கிறான் சின்னையா. பேசாமல் எழுதுடா என்று அவனையும் திட்டினேன். திங்கட்கிழமை வேலையிலிருந்து பேர் வெட்டச் சொல்லிக் கணக்கெழுதும் கிராணியிடம் நோட்டீசு கொடுக்க இருந்தேனடா! கொடுத்திருந்தால் தோட்டத்தில் கொடுத்த லயத்து வீடும் போயிருக்கும், இருமுகிறவளைக் கப்பல் ஏற்றிக் கொண்டுவந்து உன் தரிசில் நிறுத்தியிருப்பேன். பூப் பறிக்கக் குனிந்த முதுகு ஏர் பிடிக்க ஏன் குனியவில்லை? மாடு செத்ததா, மழை பொய்த்ததா, சித்தப்பன் நிலத்தில் இறங்க விடவில்லையா? எதுவானாலும் எழுதியிருந்தால் தாங்கியிருப்பேன்.

அம்மாவிடம் நான் மூச்சு விடவில்லை. ஆனால் பாப்பா அந்தக் காய்ந்த பூவைத் தலையில் செருகிக்கொண்டு திரிந்தாள். உன் அம்மாவும் நம்ம ஊர் மண்ணில் பிறந்தவள்தானே, பார்த்துவிட்டாள். பயணத்துக்குக் கட்டி வைத்திருந்த மூட்டையை அவிழ்த்து, சேலைகளைப் பழையபடி கொடியில் போட்டாள்.

நல்லா இரு, ஆத்தா உன்னைக் காப்பாற்றட்டும். அடுத்த கடிதத்தில் பூ வேண்டாம், ஒரு கம்பங்கதிர் வை. கதிர் இல்லையென்றால் உள்ளதை எழுது.

உன் அப்பன்
மாயாண்டி, கைநாட்டு