கொப்பி பிடித்தவன்

பெப்ரவரி 14, சனி

காலையில் பனி. பிறகு நல்ல வெயில். முழங்கால் வலி குறையவில்லை.

செய்ய: சேட்டு அயர்ன். பழைய படப்பெட்டி இறக்க. ஹெலனுக்கு என்ன சொல்வது என்று யோசிக்க.

ஹெலன், லண்டன் நடிகர் ஆர்தரின் மகள். திங்கள் வருகிறாள். தகப்பனைப் பற்றிப் படம் எடுக்கிறாளாம். லண்டனில் ஆரம்பகால டிவி நாடகங்களில் அவரோடு வேலை செய்தவர்களில் உயிரோடு இருப்பது நான் மட்டும்தானாம். கடவுளுக்கு வேறு ஆள் கிடைக்கவில்லை.

தங்கச்சி மகள் றோசிக்குத் தலைகால் தெரியவில்லை. "மாமா, வெள்ளைக்காரிக்கு நண்டுக்கறி உறைப்புக் குறைச்சு வைக்கட்டோ?" சந்தையில் எல்லோருக்கும் சொல்லிவிட்டாள்: "எங்கட மாமாவைப் படம் பிடிக்க லண்டனிலையிருந்து வருகினம்." வருவது ஒருத்தி.

பெப்ரவரி 15, ஞாயிறு

பூசை. பிரசங்கம் காதில் ஏறவில்லை.

ஆர்தரின் (ஆ.) வேடங்கள், நினைவில் நிற்பவை: ரயில் கார்டு. அடகுக்கடைக்காரர். பிணம் அறுக்கும் டொக்டர். கண் தெரியாத பாதிரியார், இரண்டு தரம். ஒரு நாளும் கதாநாயகன் இல்லை. முகம் எல்லோருக்கும் தெரியும், பெயர் ஒருவருக்கும் தெரியாது. "உங்களை எங்கேயோ கண்டிருக்கிறேன்" என்று பஸ்ஸில் கேட்பார்கள். ஆ.வுக்கு அதில் பெரிய சந்தோசம்.

கடைசிப் பெரிய வேடம்: சிலோன் கப்பல் சமையற்காரன். அதற்கு நானும் போய் வாசித்துக் காட்டினேன். நிறம் சரி, பார்த்துப் பழகிய முகம் இல்லை என்றார்கள். ஆ.வின் முகத்தில் மண்ணிறம் பூசினார்கள். உச்சரிப்புச் சொல்லிக் கொடுத்தது நான். மறைவில் நின்று கொப்பி பிடித்து வசனம் எடுத்துக் கொடுக்கும் வேலையை ஆ.தான் கெஞ்சி வாங்கித் தந்தார். குளிருக்குத் தன் கோட்டையும் தந்தார். அது இன்னும் அலுமாரியில்.

அப்போது எல்லாம் நேரடி ஒளிபரப்பு. பிழைத்தால் பிழைத்ததுதான், திரும்ப எடுக்க முடியாது.

பெப்ரவரி 16, திங்கள்

வந்தாள். தகப்பனின் அதே நாடி, அதே சிரிப்பு. கமராவை நான் இருந்த கதிரைக்கு நேரே வைத்தாள். (அவள் பேசியது இங்கிலீசில். என் தமிழில் எழுதுகிறேன்.)

அந்தக் கப்பல் நாடகத்தில் வசனம் மறந்து நின்ற பிறகு ஆ.வுக்கு அழைப்புகள் நின்றுவிட்டனவாம். வசனம் மறப்பவனை நேரடி நாடகத்துக்கு யார் கூப்பிடுவார்? துப்பறியும் கதைகளில் பிணமாகக் கிடந்தாராம். பிறகு அதுவும் இல்லை. இரும்புக்கடையில் வேலை.

"ஞானம் எடுத்துக் கொடுத்தான், எனக்குத்தான் கேட்கவில்லை என்று அப்பா சாகும்வரை சொன்னார். காது வைத்தியரிடம்கூடப் போனார். நீங்கள் எடுத்துக் கொடுத்தீர்கள்தானே?"

ஓம் என்று தலையாட்டினேன். கமராவுக்கு முன்னால்.

றோசி குசினி வாசலில் நின்று கண்ணைத் துடைத்தாள். "பாவம் மாமா, எவ்வளவு நல்ல மனம்."



பெப்ரவரி 17, செவ்வாய்

மழை வரும்போல இருந்து வரவில்லை.

கோயில் கூத்துக்கு ஐயா முப்பது வருடம் கொப்பி பிடித்தவர். வேலிச் சண்டையில் பேச்சுவார்த்தை அறுந்த அந்தோனியண்ணைக்கும் அடி அடியாக எடுத்துக் கொடுத்தவர். கூத்து முடிந்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டு வீட்டுக்கு வருவார். சண்டை வேறு, கொப்பி வேறு. அவருடைய மகன் நான்.

அந்தக் கப்பல் நாடகம், மூன்றாம் காட்சி. ஆ. நின்றுவிட்டார். "எனக்கு வீட்டுக்குப் போக வேண்டும்." அவ்வளவுதான் வசனம். கொப்பி கையில். வசனம் வாயில். எனக்கு வர வேண்டிய வேடம், கிடந்து தவி என்று நினைத்தேன். எடுத்துக் கொடுக்காமல் ஒன்பது வரை எண்ணினேன்.

இத்தனை வருடப் பாவசங்கீர்த்தனத்தில் இதை மட்டும் பாதிரியாரிடம் சொன்னதில்லை. அவர்கள் எனக்குச் செய்தது அநியாயம்தான். ஆனால் ஆ. செய்யவில்லை. தன் காதில் பழியைப் போட்டுக்கொண்டு செத்தார். நான் கேவலமானவன்.

பெப்ரவரி 18, விபூதிப் புதன்

காலைப் பூசை. நெற்றியில் சாம்பல்.

ஹெலன் இறங்குதுறையைப் படம் பிடித்துவிட்டுக் கடற்பாதை என்கிற மிதவையில் காரைநகர் போகிறாள். பிறகு கொழும்பு, லண்டன். பத்தரைக்குப் பாதை. ஓட்டோ பிடித்தேன்.

றோசி: "என்ன மாமா, இந்த வெயிலுக்குக் கோட்டோ?"

"திருப்பிக் குடுக்கப் போறன்."

"அவவின்ர தேப்பன்ரையோ? நாளைக்குத் தபாலில போடலாந்தானே?"

"ஏலாது பிள்ளை."

ஹெலன் கமராவை அலைக்குத் திருப்பி வைத்திருந்தாள். கோட்டைக் கொடுத்துவிட்டு, திங்கள் சொன்னது பொய் என்றேன். கமராவை என் பக்கம் திருப்பினாள். நிறுத்தட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன்.

பூசிய நிறம், நான் பட்ட பொறாமை, ஒன்பது வரை எண்ணியது, எல்லாம் சொன்னேன். ஆ. இருட்டுப் பக்கம் திரும்பி என்னைத் தேடினார் என்ற இடத்தில் நானும் நின்றுவிட்டேன். பாதைக்காரன் கூப்பிடுகிறான். ஆட்கள் ஏறுகிறார்கள்.

அவள் போயிருக்கலாம். போகவில்லை. மெதுவாக எடுத்துக் கொடுத்தாள்: "அப்பா உங்களைத் தேடினார். அப்போது நீங்கள்..."

கொப்பியை மூடினேன் என்றேன்.