தேவாலய வாசல்

ஜாக்ரெப், மார்ச் 1972

கண்ணு,

உன் அத்தையை அடக்கம் செய்தாயிற்று. நீ ஜெர்மனியிலிருந்து வராததே நல்லது.

நான் அமைச்சராக இருந்தவரை எந்தச் சாவுக்கும் தேவாலயத்துக்குள் போனதில்லை. கடவுள் இல்லை என்கிற கம்யூனிஸ்ட் கட்சிக்காரனுக்கு வாசல்தான் இடம். இப்போது கட்சியை விட்டே நீக்கிவிட்டார்கள். ஆனாலும் கால் வாசலிலேயே நின்றுவிட்டது.

மழை. நீக்கியதிலிருந்து என்னைப் பின்தொடர்கிற போலீஸ்காரன் பக்கத்தில் வந்து குடை பிடித்தான்.

“உள்ள போங்க தோழர். நான் அறிக்கையில எழுத மாட்டேன்.”

“எழுதிக்கப்பா. இன்னும் எதுலேர்ந்து என்னைத் தூக்கப் போறாங்க?”

அவன் சிரிக்கவில்லை. நானும் உள்ளே போகவில்லை. சவப்பெட்டி வெளியே வந்தபோது முதலில் தொப்பியைக் கழற்றியது அவன்தான்.

என் முறை வரும்போது பாதிரியாரோ கட்சிக் கொடியோ, உன் இஷ்டம். யாரும் வெளியே நிற்க வேண்டியிராத இடமாகப் பார்.

அப்பா