மேஜரின் ஊளைக்கு வைத்த உலை

என் செல்ல மருமகனே, மாம்புரிக் கரையின் முடிசூடிய இளவரசனே, ஜெறோம்!

உன் மாமன் சூசை எழுதுகிறேன். நான் தும்மினால் மன்னாரில் குடை விரிப்பார்கள் என்று சொல்லி உன்னை வளர்த்த அதே மாமன்தான். இப்போது தும்மவும் அலுப்பாக இருக்கிறதடா. வெங்காயம் பிடுங்கிக் காயப் போட்டிருக்கிறேன். கட்டித் தூக்க ஆளில்லை. ஆள் இருந்தால் லொறிக்கு டீசல் இல்லை. டீசல் இருந்தால் போகிற வழியெல்லாம் சாக்கை இறக்கு, ஏற்று என்கிறார்கள். ஆமிக்காரர் காவல் நிற்கிற ஒரு சென்றியில் வெங்காயத்துக்குள் என்ன இருக்கிறது என்று கேட்டான் ஒரு பொடியன். உரித்துக் காட்டினேன். அவனும் அழுதான், நானும் அழுதேன். இந்தச் சண்டை தொடங்கிய பிறகு இரண்டு பக்கமும் சேர்ந்து அழுத ஒரே இடம் அதுவாகத்தான் இருக்கும்.

நீ போய் ஒரு வருடம் ஆகப் போகிறது. ஆண்டு நினைவுக்கு உன் படத்தைப் போட்டு நாலு வரி எழுதுங்கள் என்றார்கள். நாலு வரிக்குள் அடங்குகிற ஆளா நீ? உன் கால்கள் மட்டுமே ஆறு வரிக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அதனால்தான் இந்தக் கடிதம். ஊரும் பக்கத்தில் நின்று கேட்கட்டும். சங்கதி பெரும்பாலும் உன் நாயைப் பற்றியது.

அந்த நாய்க்கு மேஜர் என்று பெயர் வைத்தவன் நீ. இந்தக் காலத்தில், கரைச் சென்றிக்கு முன்னால் இருக்கிற வீட்டில், யாராவது அப்படி ஒரு பெயர் வைப்பார்களா? உன் அம்மா வேலியில் நின்று, "மேஜர், வந்து தின்னடா!" என்று கத்தும்போதெல்லாம் சென்றியில் நிற்கிறவர்கள் தொப்பியைச் சரி செய்துகொள்வார்கள். நான் மட்டும் அவரை மரியாதை குறையாமல்தான் அழைத்து வந்தேன். இந்தக் கடிதத்திலும் அவர் 'அவர்' தான்.

நீ கடலால் திரும்பும் நேரத்துக்கு எங்கள் எல்லோருக்கும் அவர்தான் மணிக்கூடு. பொழுது படுமுன் வள்ளங்கள் கரைக்கு வந்து, காலையில் வாங்கிய பாஸைச் சென்றியில் திருப்பிக் கொடுக்க வேண்டும் அல்லவா? ஐந்து மணியளவில் மேஜர் கரைக்கு ஓடுவார். உன் எஞ்சின் சத்தம் எங்கள் காதுக்கு எட்டுவதற்கு முன்பே மூக்கை வானத்துக்குத் தூக்கி ஓர் ஊளை விடுவார். அந்த ஊளைக்குக் கச்சத்தீவில் ஆடுகள் திரும்பிப் பார்க்கும். உன் அம்மா உடனே உலை வைப்பாள். நீ பாஸைக் கொடுத்து, மீனை நிறுத்து விற்று, கிணற்றடியில் உப்பைக் கழுவிக்கொண்டு வர, சோறு வடிந்திருக்கும். ஊளை கேட்டால் உலை. உங்கள் வீட்டுச் சட்டம் அது ஒன்றுதான்.

அன்றைக்குச் சோளகக் காற்று பேய்த்தனமாக வீசியது. நீ கொஞ்சம் வெளியே நின்று அலை அடங்கப் பார்த்திருக்கலாம். பாஸ் பிந்தினால் அடுத்த நாள் கடல் இல்லை என்று நினைத்தாயோ? யாரைக் கேட்பது? மேஜர் அன்றும் ஊளையிட்டார். உன் அம்மா அன்றும் உலை வைத்தாள். சோறு வடிந்த நேரம் உன்னைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள்.

சரி, அதை விடுவோம். அடக்கம் முடிந்து ஒரு கிழமை மேஜர் உன் கதிரைக்குக் கீழே சுருண்டு கிடந்தார். பிறகு ஒரு நாள், அதே ஐந்து மணிக்கு, கரைக்குப் போய் ஊளையிட்டார். உன் அம்மா, என் அக்கா, எழுந்து உலை வைத்தாள். உன் கோப்பையில் சோறு போட்டாள், மீன் துண்டு வைத்தாள், காத்திருந்தாள். இருட்டிய பிறகு கோப்பையை மேஜர் முன்னால் வைத்தாள். மறுநாளும் அப்படி. அதற்கு மறுநாளும்.

காலையில் உன் தாய்க்கு எல்லாம் தெரியும், ஜெறோம். ஐந்து மணிக்குத் தெரியாது.

மேஜரும் மாறிப் போனார். அவள் கிணற்றடிக்குப் போனால் அவரும் போவார். கோயிலுக்குப் போனால் வாசலில் நின்று, பாதர் பிரசங்கத்தை நிறுத்தும் வரைக்கும் அழுவார். உன் கதிரையில் யாரும் இருக்க முடியாது. வீட்டுக்கு வருகிறவர்கள் சத்தமாகக் கதைத்தால் பல்லைக் காட்டுவார். முதலில் சனம் வருவதைக் குறைத்தது. பிறகு, நாய் தனியாகக் கத்தும் என்று அக்காவும் வெளியே போவதை நிறுத்தினாள். ஊளையும் ஐந்து மணிக்கு மட்டும் என்றில்லாமல் நாலரைக்கே தொடங்கியது. ஊரில் ஒருவர், நாய்க்கு விசர், பைத்தியம் என்றார். இன்னொருவர், அதன் கண்ணுக்கு ஆவி தெரிகிறது என்றார். நாய் சாத்திரத்தில் இந்த ஆசியாக் கண்டத்தின் தலைசிறந்த நிபுணனான உன் மாமன் வெங்காயத்துக்குத் தண்ணீர் இறைக்கப் போய்விட்டான். எனக்கு அலுப்பாக இருந்தது.

கண்ணைத் திறந்துவிட்டவர் கருவாடு வாங்க வருகிற நம் கற்பிட்டி மீரான் நானா. உனக்குத் தெரியுமே, நாய் பட்டால் சாரனைக் கழுவ வேண்டும் என்று படலைக்கு வெளியே சைக்கிளை விட்டு இறங்காமலே வியாபாரம் பேசுகிற மனிதர். மேஜருக்கு அவர் மேல் தனிக் காதல். அன்றும் வாலை ஆட்டிக்கொண்டு பாய, நானா இரண்டு காலையும் கைப்பிடிக்கு மேலே தூக்கிக்கொண்டார்.

"சூச! இவனப் புடிங்க! நேத்துத்தான் ஏழு தண்ணியில கழுவின சாரன்!"

"அவருக்கு உங்கள்ல அன்பு, நானா."

"அன்ப தூரத்துல வெச்சிக்கச் சொல்லுங்க." அவர் மேஜரைப் பார்த்தார், வேலிக்கு அந்தப் பக்கம் நின்ற அக்காவைப் பார்த்தார். குரலை இறக்கினார். "ஒண்டு சொல்றன், கோவிக்க வாணாம். நாய் பூசணிக்கா மாதிரி ஊதிப் பெய்த்து. லாத்தா வத்திப் பெய்த்தா. ஊட்டுல சோத்த ஆரு திங்கிறது?"

அன்றைக்குத்தான் கவனித்தேன். உன் கோப்பைக்குப் போடுவது உன் தாயின் இராச் சோறு. அவள் சாப்பிடுவதே இல்லை. ஊளையிட்டால் சோறு வரும் என்று மேஜர் படித்துவிட்டார். கோப்பை வெறுமையானால் மகன் பசி ஆறினான் என்று அவளும் படித்துவிட்டாள். இதில் யார் யாரை வளர்க்கிறார்கள்? சனம் நாய்க்கு விசர் என்கிறது. நாயைத் தனியாகப் பார்த்தால் ஒரு குறையும் இல்லை. அவளைத் தனியாகப் பார்த்தாலும் இல்லை. இரண்டு பேரையும் சேர்த்துப் பார்த்தால்தான் தெரிகிறது, ஒருவரை ஒருவர் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுகொண்டிருக்கிறார்கள்.

அந்தக் கிழமையே சென்றியில் இருந்து ஒரு பொடியன் வந்தான். நல்ல முகம். வேலிக்கு வெளியே நின்று, நாயைச் சிங்களத்தில் 'பல்லா' என்று சொல்லித்தான் பேசினான்.

"மாமே, அந்த பல்லா பின்நேரம் கத்துறது. அவர் கத்தினா ஊர்ல எல்லா பல்லாவும் கத்துறது. கடல்ல போட் சத்தம் எங்களுக்குக் கேக்கிறது இல்ல. சேர் சொல்லிட்டார், இனிக் கத்தினா வெடி வைக்கச் சொல்லி." கொஞ்சம் நின்று, "எங்கட ஊட்டிலயும் ஒரு பல்லா இருக்கு, மாமே," என்றான்.

அக்காவிடம் ஓடினேன். ஓடினேன் என்பது வழக்கமான மிகைப்படுத்தல், நடந்தேன்.

"அக்கா, நாளையில இருந்து நாலு மணிக்கே நாய்க்குச் சோறு போடு. கத்த முதல் போடு. கத்தினாப் போடாத."

"அது கூப்பிடாம நான் எப்பிடியடா உலை வைக்கிறது?"

"அவன் வரமாட்டான் அக்கா."

"எனக்குத் தெரியாதா? காலமை சேமக்காலையில அவன்ர கல்லறையில பூ வெச்சிட்டுத்தான் வந்தனான்."

"அப்ப ஏன் உலை?"

"அது கூப்பிடுதேடா," என்றாள்.

இதற்கு என்ன பதில் சொல்வாய் நீ? வேலிக்கு அப்பால் அந்தப் பொடியனின் துவக்கு தெரிந்தது. மேஜரைச் சுட்டால் உன்னை இரண்டாம் முறை தூக்கி வருவது போலத்தான் இருக்கும் அவளுக்கு.

நல்ல வேளையாகத் தலவில் கோயிலில் அன்னம்மாள் திருவிழா வந்தது. உனக்காக வைத்த நேர்த்தி ஒன்று பாக்கி என்று சொல்லி, பக்கத்து வீட்டுப் பெண்களோடு, திருவிழாச் சனம் தங்குகிற ஓலை வாடிக்கு அவளை அனுப்பினேன். வாடியில் நாய்க்கு இடமில்லை. மேஜரைச் சென்றிக்குச் சத்தம் கேட்காத என் வெங்காயத் தோட்டத்துக்கு இழுத்துப் போனேன்.

முதல் நாள் ஊளையிட்டார். நான் கிழக்கே பார்த்தேன். அடுத்த நாள் இன்னும் சத்தமாக ஊளையிட்டார். பனை ஓலையெல்லாம் உதிர்ந்து விழுந்தது. நான் மேற்கே பார்த்தேன். காலையிலும் நாலு மணிக்கும், அவர் சும்மா இருக்கும்போது மட்டும், சோறு வைத்தேன். திருவிழா முடிகிற நேரம் மேஜர் ஐந்து மணிக்கு வெங்காயப் பாத்திக்குள் ஓணானைத் துரத்திக்கொண்டிருந்தார். அவ்வளவுதானடா. அந்த ஊளைக்குள் ஆவியும் இல்லை, விசரும் இல்லை. சோறு கேட்கிற ஒரு நாய்தான் இருந்தது.

சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். ஏனோ பயமாக இருந்தது.

அக்கா தொதல் இனிப்பும் செபமாலையும் வாங்கிக்கொண்டு வந்தாள். மேஜர் அவளைச் சுற்றி ஓடி, முகத்தை நக்கி, பிறகு உன் கதிரைக்குக் கீழே படுத்து உறங்கிவிட்டார். ஐந்து மணி ஆனது. அக்கா அரிசியைக் கழுவிச் சட்டியோடு அடுப்படி வாசலில் நின்றாள். கடல் சத்தம் மட்டும் கேட்டது.

"அதுக்கு என்ன செய்தனீ?"

"ஒண்டும் செய்யேல்ல. வேளைக்குச் சாப்பாடு குடுத்தன்."

"கூப்பிடேல்லையே."

"ஓம் அக்கா. கூப்பிடேல்ல."

சட்டியில் இருந்து தண்ணீர் அவள் காலில் சொட்டிக்கொண்டிருந்தது. அவள் மேஜரைப் பார்த்தாள், கரையைப் பார்த்தாள். பிறகு மெதுவாகக் குனிந்து சட்டியை நிலத்தில் வைக்கப் போனாள். வைத்தால் அன்றைக்கு அடுப்பு இல்லை. அடுத்த நாளும் இருக்காது. நாயைத் திருத்திவிட்டு இவளைப் பட்டினி போட்டுவிட்டேனா?

எனக்கு வேறு வழி தெரியவில்லை, மருமகனே. தோட்டமும் துரவும் உள்ள, கோயில் கமிட்டியில் இருக்கிற, நரைத்த மீசை வைத்த உன் மாமன், முற்றத்தில் முழங்காலில் விழுந்து, மூக்கை வானத்துக்குத் தூக்கி ஊளையிட்டேன்.

சும்மா ஊளை இல்லையடா! கற்பிட்டிக் கோட்டைச் சுவரில் வெடிப்பு விழுந்தது. கனமூலையில் கோழிகள் முட்டையை உள்ளே இழுத்துக்கொண்டன. மேஜர் ஒரு கண்ணைத் திறந்து பார்த்து, வெட்கப்பட்டு மூடிக்கொண்டார்.

வேலிக்கு மேலால் சென்றிப் பொடியனின் தலை எழுந்தது. கையில் துவக்கு.

"மாமே! பல்லா கோ? எங்க?"

"பல்லா நித்திரை, மாத்தயா. இது நான்."

அவன் என்னைப் பார்த்தான், நாயைப் பார்த்தான், அக்காவைப் பார்த்தான். "சேர் மாமாக்கு வெடி வைக்கச் சொல்ல இல்ல," என்று சொல்லிவிட்டு, வாயைப் பொத்திக்கொண்டு போனான்.

அப்போதுதான் அக்கா சிரித்தாள். சட்டியை இடுப்பில் அணைத்துக்கொண்டு, சுவரில் சாய்ந்து சிரித்தாள். சிரிப்பு பாதியில் வேறு மாதிரி ஆனது. நான் கடல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்தாள்.

"நாசமாப் போனவனே, வயசுக்கேத்த வேலையாடா இது? பசிக்குதெண்டா வாயால சொல்லன்."

"பசிக்குது அக்கா."

உலை வைத்தாள்.

சோறு வடிந்ததும் உன் கதிரையில் இருக்கப் போனேன். கதிரைக்குக் கீழே இருந்து ஓர் உறுமல். சரி, மேஜரின் உத்தரவை யார் மீறுவது? நிலத்தில் இருந்தேன். "நீயும் போடு, எனக்குத் தனியச் சாப்பிட்டா இறங்காது," என்றேன். முனகிக்கொண்டே போட்டாள். மீன் தலையை எனக்கு வைத்தாள். இரண்டு வாய் சாப்பிட்டாள். பிறகு இன்னும் கொஞ்சம்.

அன்றில் இருந்து தினமும் ஐந்து மணிக்குப் போகிறேன். தோட்டத்தில் இருந்து கரைக்கு நடப்பது இந்த முழங்காலுக்கு இமயமலை ஏறுவது போல. சில நாள் பசியே இருப்பதில்லை. சில நாள் படலையைத் திறக்கும்போதே அவள் கரைப் பக்கம் பார்த்தபடி நிற்பாள். அன்றைக்கு ஒரு சின்ன ஊளை விடுவேன், அவளுக்கு மட்டும் கேட்கிற அளவுக்கு. திட்டிக்கொண்டே அடுப்பை மூட்டுவாள். என்னை இந்தப் பழக்கத்தில் இருந்து யார் திருத்துவது? யாரும் திருத்த வேண்டாம்.

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன், ஜெறோம். சோளகம் வீசினாலும், ஊரடங்கு போட்டாலும், வெங்காயம் முழுவதும் மழையில் அழுகினாலும், எனக்குப் பசிக்காத நாளிலும், உன் வீட்டுப் படலையில் பசியோடு வந்து நிற்பேன். உன் கதிரையில் இருக்க மாட்டேன்.

இப்படிக்கு,
உன் தாயோடு கூடப் பிறந்தவன், உன்னை நெஞ்சில் தூக்கித் திரிந்த தாய்மாமன்,
மேஜருக்குக் கீழே பணியாற்றும் சூசை