மூன்றாவது கூண்டு

வியாழன், ஐப்பசி 9

மாமாவின் கோழிப்பண்ணையில் நான் எடுத்த படத்தை இன்று நாமக்கல்லில் திரையிட்டேன். நாற்பது நிமிடமும் அசையாத ஒரே ஷாட், கூண்டுக் கோழிகள் மட்டும். பாதியிலேயே எல்லோரும் எழுந்து போனார்கள். மாமா மட்டும் கண்ணெடுக்காமல் பார்த்தார். ஒரு ரசிகராவது கிடைத்தாரே என்று கர்வப்பட்டேன்.

விளக்கைப் போட்டதும் கேட்டார். "இதை எப்பச் சாமி எடுத்தே?"

"சித்திரையிலீங்க மாமா."

"மூணாவது கூண்டுல ஒண்ணு தீனியே எடுக்கல, பாத்தியா? அப்பவே சொல்லியிருந்தா வைகாசியில சீக்கு வந்து பண்ணையே செத்திருக்காது." வாரேன் என்று எழுந்து போய்விட்டார்.

'பொறுமையாகப் பார்க்கக் கற்றுத்தரும் படம்' என்று அழைப்பிதழில் எழுதியவன் நான். எடிட்டிங்கில் நூறு முறையாவது பார்த்திருப்பேன். கூண்டுக் கம்பியில் விழுந்த வெளிச்சத்தைத்தான் பார்த்திருக்கிறேன்.